கிழவி, சிறுமி, நரி: மூன்று கரடிகள் வீட்டுக்குள் புகுந்தது யார்?

மூன்று கரடிகள் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். காட்டுக்குள் ஒரு வீடு, அப்பா கரடி, அம்மா கரடி, குட்டிக் கரடி, மேசையில் ஆறிக்கொண்டிருக்கும் கஞ்சி. ஆள் இல்லாத நேரத்தில் உள்ளே நுழைந்து, கஞ்சியைக் குடித்து, நாற்காலியை உடைத்து, கடைசியில் கட்டிலில் ஏறித் தூங்கிப்போகும் கோல்டிலாக்ஸ் என்ற பொன்முடிச் சிறுமி. இங்கிலீஷ் மீடியம் எல்கேஜி பிள்ளையைக் கேட்டால்கூட ஒப்பித்துவிடும். ஆனால் இந்தக் கதை முதலில் அச்சேறியபோது அதில் சிறுமியும் இல்லை, அப்பா அம்மா குட்டி என்ற குடும்பமும் இல்லை. உள்ளே புகுந்தது ஒரு கிழவி, அதுவும் வாயில் நல்ல வார்த்தை வராத கிழவி.

பிரிட்டனின் பழைய கதைகளைக் குழந்தைகளுக்காகத் திருப்பிச் சொல்லும்போது கதைக்கு என்னென்ன ஆகிறது என்று பார்க்க எனக்குத் தெரிந்து இதைவிட நல்ல கேஸ் கிடையாது. காரணம், கதை யார் யார் கைக்குப் போனது, ஒவ்வொருவரும் எதை மாற்றினார்கள் என்பதற்குத் தேதியோடு சான்று இருக்கிறது. மற்ற பல கதைகளில் "வழிவழியாக வந்தது" என்று சொல்லி முடித்துக்கொள்ள வேண்டியதுதான். நான் சொல்ல வருவது இதுதான்: ஆளாளுக்கு உள்ளே புகுந்தவரை மாற்றினார்கள், ஆனால் அந்தக் கிழவியின் அளவுக்குத் தைத்த முடிவையே புதிதாக வந்தவருக்கும் மாட்டிவிட்டார்கள். இன்றைக்கும் இந்தக் கதையின் கடைசிப் பக்கம் தொளதொளவென்று இருப்பது அதனால்தான்.

முதல் கை: ஒரு அத்தை

1831-இல் எலினார் ம்யூர் என்ற பெண் தன் மருமகன் ஹோரஸ் ப்ரோக்கின் பிறந்தநாளுக்காக, தானே செய்யுளாக எழுதி, தானே வண்ணப்படம் தீட்டி ஒரு கையெழுத்துப் புத்தகம் செய்தார். பையனுக்கு நான்கு வயது. அச்சுக்கே போகாத புத்தகம் அது. 1951-இல் கனடாவின் டொரண்டோ பொது நூலகத்தில், பழைய சிறார் நூல்களின் சேகரிப்பில்தான் அது கண்ணில் பட்டது. அதுவரை இந்தக் கதையை, முதலில் அச்சில் கொண்டுவந்த கவிஞர் ராபர்ட் சவுத்தியே சொந்தமாக எழுதினார் என்று நம்பியவர்கள் நிறையப் பேர்.

ம்யூரின் கதையில் கரடிகள் ஊருக்குள் வீடு வாங்கிக் குடிவருகின்றன. பக்கத்துக் கிழவி பார்க்க வருகிறாள், கரடிகள் அவளை மதித்து உள்ளே அழைக்கவில்லை, கோபத்தில் அவள் வீடு புகுகிறாள். கிண்ணத்தில் இருப்பது கஞ்சி இல்லை, பால். பிடிபட்டதும் கரடிகள் அவளை நெருப்பில் போடுகின்றன, வேகவில்லை. தண்ணீரில் போடுகின்றன, மூழ்கவில்லை. கடைசியில் தூக்கி லண்டன் செயின்ட் பால் தேவாலயத்தின் கோபுர உச்சியில் எறிந்துவிடுகின்றன. நன்றாக உற்றுப் பார்த்தால் இன்னும் அங்கே தெரிவாள் என்று பையனைச் செல்லப்பெயர் சொல்லி அழைத்துக் கதையை முடிக்கிறார் அத்தை.

இன்றைக்கு எந்தப் பதிப்பகமும் நான்கு வயதுக் குழந்தைக்கு இப்படி ஒன்றைப் போடாது. ஆனால் இங்கே பார்க்க வேண்டியது வேறு. அத்தைக்குத் தன் எதிரே இருக்கிற குழந்தை யார், அது எதற்குச் சிரிக்கும் என்று தெரியும். கிழவி வேகவும் மாட்டாள், மூழ்கவும் மாட்டாள் என்பதால் அவளுக்கு என்ன ஆகுமோ என்ற பயம் குழந்தைக்கு வராது, அடுத்து என்ன செய்வார்கள் என்ற குறுகுறுப்புதான் வரும். முடிவும் முடிவாக இருக்கிறது: ஆள் கோபுரத்தில், கதை முடிந்தது, அண்ணாந்து பார்.

சவுத்தியின் கிழவி

ராபர்ட் சவுத்தி சாதாரண ஆள் இல்லை. 1813 முதல் இங்கிலாந்தின் அரசவைக் கவிஞர், ஏரிகள் நிறைந்த வட இங்கிலாந்தில் கெஸ்விக் ஊரில் பெரிய வீடு, அந்த வீடு நிறையப் பிள்ளைகள். கதையைச் சிறு வயதில் தன் மாமாவிடம் கேட்டிருப்பார் என்பது ஆய்வாளர்கள் கருத்து. அவர் அதை அச்சில் கொண்டுவந்தது 1837-இல், அதுவும் குழந்தைகள் புத்தகத்தில் இல்லை. பெரியவர்களுக்காக, பெயர் போடாமல், தோன்றியதையெல்லாம் அடுக்கி அவர் எழுதிவந்த பல பாகப் புத்தகம் ஒன்றின் நான்காம் பாகத்தில் இந்தக் கதை உட்கார்ந்திருந்தது.

அவருடைய மூன்று கரடிகளும் ஆண்கள். சின்னஞ்சிறு கரடி, நடுத்தரக் கரடி, மாபெரும் கரடி. உறவு எதுவும் சொல்லப்படவில்லை, சேர்ந்து குடியிருக்கிறார்கள், அவ்வளவுதான். கஞ்சி சுடுகிறது, வாய் வெந்துவிடக் கூடாதே என்று ஆறுகிற வரைக்கும் காட்டில் ஒரு நடை போய்வரக் கிளம்புகிறார்கள். கதவைப் பூட்டவில்லை. நல்ல கரடிகள், யாருக்கும் கெடுதல் செய்ததில்லை, தங்களுக்கும் யாராவது கெடுதல் செய்வார்கள் என்று நினைத்ததே இல்லை என்று சவுத்தி காரணம் சொல்கிறார். கிழவி வருகிறாள். ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள், சாவித் துவாரத்தில் கண் வைக்கிறாள், யாரும் இல்லை என்று உறுதியானதும் தாழ்ப்பாளைத் தூக்குகிறாள். நேர்மையான கிழவியாக இருந்திருந்தால் கரடிகள் திரும்பும்வரை காத்திருப்பாள், அவர்களே ஒருவேளை சாப்பிடச் சொல்லியிருப்பார்கள் என்கிறார் சவுத்தி. இவளோ சின்னக் கிண்ணத்துக் கஞ்சி போதவில்லை என்று அந்தக் கிண்ணத்தைத் திட்டுகிறாள்.

(பெரிய கிண்ணத்துக் கஞ்சி சுடும், நடுக் கிண்ணத்துக் கஞ்சி ஆறிப்போயிருக்கும், சின்னக் கிண்ணத்தில் மட்டும் சரியான சூடு எப்படி என்று கேட்கிற பிள்ளைகள் உண்டு. சின்னதுதானே முதலில் ஆற வேண்டும்? சவுத்தியிடமே இந்த வரிசைதான். அவருக்குத் தேவைப்பட்டது இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று, நடுவில் சரியானது. அடுப்படிக் கணக்கு இல்லை.)

கரடிகள் திரும்பி வந்த பிறகுதான் சவுத்தியின் கைவண்ணம் தெரிகிறது. "யாரோ என் கஞ்சியில் கைவைத்திருக்கிறார்கள்!" என்று மாபெரும் கரடி சொல்லும் வரி புத்தகத்தில் பெரிய எழுத்தில் அச்சாகியிருக்கும், நடுக்கரடியின் வரி நடுத்தர எழுத்தில், குட்டியின் வரி பொடி எழுத்தில். வாய்விட்டுப் படிப்பவருக்கு எப்படிப் படிப்பது என்று அச்சே சொல்லிக்கொடுக்கிறது. நாற்காலிக்கும் அப்படியே, கட்டிலுக்கும் அப்படியே. அப்புறம் தூங்குகிற கிழவியின் காதுக்குள் போகிறார். மாபெரும் கரடியின் கரகரத்த குரல் அவளுக்குத் தூக்கத்தில் காற்றின் இரைச்சலாகவோ இடி உறுமலாகவோதான் கேட்கிறது. நடுக்கரடியின் குரல் கனவில் யாரோ பேசுவதுபோல. குட்டிக் கரடியின் கீச்சுக்குரல் மட்டும்தான் அவளைச் சட்டென்று எழுப்புகிறது. கதையிலேயே ஆகச் சின்ன ஆள் போடும் சத்தம்தான் வேலை செய்கிறது. கேட்டுக்கொண்டிருக்கிற குழந்தைக்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

எழுந்தவள் ஒரு பக்கம் மூன்று கரடிகளைப் பார்த்துவிட்டு மறுபக்கம் உருண்டு ஜன்னலுக்கு ஓடுகிறாள். ஜன்னல் திறந்திருக்கிறது, ஏனென்றால் இவர்கள் ஒழுங்கான கரடிகள், காலையில் எழுந்ததும் படுக்கையறை ஜன்னலைத் திறந்துவைக்கிற பழக்கம் உள்ளவர்கள். குதித்துவிடுகிறாள். விழுந்து கழுத்து முறிந்ததோ, காட்டுக்குள் ஓடி வழி தவறிப்போனாளோ, இல்லை வெளியே வந்ததும் கான்ஸ்டபிள் பிடித்து, ஊர்சுற்றி என்று சீர்திருத்தச் சிறைக்கு அனுப்பினாரோ, எனக்குத் தெரியாது என்று கைவிரிக்கிறார் சவுத்தி. கரடிகள் அவளை அப்புறம் பார்க்கவே இல்லை.

அந்தக் கான்ஸ்டபிளும் சிறையும் தேவதைக் கதைச் சாமான்கள் இல்லை. இருக்க இடமில்லாமல் திரிபவர்களையும் பிச்சையெடுப்பவர்களையும் பிடித்துக் கடின வேலையோடு உள்ளே தள்ள வழிசெய்யும் சட்டம் இங்கிலாந்தில் 1824-இல் வந்திருந்தது. 1837-இல் இதைப் படித்தவருக்கு இந்தக் கிழவி யார் என்று விளக்க வேண்டியதில்லை: வீடில்லாதவள், பசித்தவள், அழுக்குத் தலைக்காரி. தலையணையில் கிடந்த அவள் தலையை அசிங்கமான அழுக்குத் தலை என்றே எழுதுகிறார் சவுத்தி, அங்கே இருக்க அதற்கு எந்த உரிமையும் இல்லை என்றும் சேர்க்கிறார். சொத்துள்ள, ஒழுங்கான, ஜன்னல் திறந்துவைக்கிற மூவர் ஒரு பக்கம், ஒன்றுமில்லாத ஒருத்தி மறுபக்கம். கதை யார் பக்கம் நிற்கிறது என்பதில் சந்தேகமே இல்லை. எனக்கு இந்தப் பார்வை பிடிக்கவில்லை. ஆனால் கதை என்று பார்த்தால் இது கச்சிதம். கிழவியின் குணம், அவள் செய்கிற காரியம், அவளுக்குச் சொல்லப்படும் மூன்று கதிகள், மூன்றும் ஒன்றோடொன்று பொருந்துகின்றன.

கிழவி போய் சிறுமி வந்தாள்

பன்னிரண்டே ஆண்டுகள். 1849 நவம்பரில் ஜோசப் கண்டால் என்ற லண்டன் பதிப்பாளர் சிறுவர்களுக்கான தொகுப்பு ஒன்றைத் தயாரித்தபோது, சவுத்தி சொன்ன அளவுக்கு இந்தக் கதையை யாரும் நன்றாகச் சொன்னதில்லை, அதையே அனுமதி வாங்கிப் போடுகிறேன், கிழவிக்குப் பதில் ஒரு சிறுமியை மட்டும் வைத்திருக்கிறேன் என்று முன்னுரையில் எழுதினார். சொன்ன காரணம் இரண்டு. வெள்ளிமுடிச் சிறுமியோடுதான் கதை அதிகம் பேருக்குத் தெரிந்திருக்கிறது; கிழவிகளைப் பற்றிய கதைகள் ஏற்கெனவே ஏகப்பட்டது இருக்கின்றன.

இரண்டாவது காரணம் எனக்கு மிகவும் பிடித்தது. கல்வி, ஒழுக்கம், குழந்தை மனம் என்று எந்தப் பெரிய பேச்சும் இல்லை. தொகுப்பைப் புரட்டிப் பார்த்திருக்கிறார், கிழவிகள் ஜாஸ்தியாகத் தெரிந்திருக்கிறார்கள், ஒருத்தியை எடுத்துவிட்டார். இந்தத் துறையில் பெரிய மாற்றங்கள் பல இப்படித்தான் நடக்கின்றன.

அதற்குப் பிறகு பெயர்தான் மாறிக்கொண்டே போனது. வெள்ளிமுடி, வெள்ளிக்குழல், பொன்முடி என்று பல பெயர்கள் வந்துபோய், ஜான் ஹாசல் படம் வரைந்த 1904-ஆம் ஆண்டுத் தொகுப்பில் கோல்டிலாக்ஸ் என்று நிலைத்தது. இதற்கு நடுவில், 1870-களின் இறுதியில், கரடிகளும் அப்பா அம்மா குட்டி ஆகிவிட்டன. தனியாகக் குடியிருந்த மூன்று ஆண்கள் குடும்பமானதும் கதையின் எடையே இடம் மாறியது. முன்பு வீட்டுக்காரர்களும் திருடியும். இப்போது ஒரு குடும்பமும், அதில் சேராத ஒரு பிள்ளையும். குட்டியின் நாற்காலி உடைந்தால் இனி அம்மா அணைத்துக்கொள்வாள். சவுத்தியின் குட்டிக்கு அந்த வசதி இல்லை, அது தானேதான் கீச்சிட வேண்டும். விண்வெளி ஆய்வாளர்கள் அதிகச் சூடும் அதிகக் குளிரும் இல்லாத சுற்றுப்பாதைப் பகுதிக்கு கோல்டிலாக்ஸ் பெயரை வைத்திருக்கிறார்களே, நியாயமாகப் பார்த்தால் அது கிழவிக்குப் போயிருக்க வேண்டிய பெருமை. கஞ்சியை ருசி பார்த்து "இதுதான் சரி" என்றவள் அவள்.

சரி, முடிவு என்ன ஆயிற்று? அதற்கு 1918-க்கு வர வேண்டும். ஃப்ளோரா ஆனி ஸ்டீல், கணவரின் அரசு வேலை காரணமாகப் பஞ்சாபில் இருபது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தவர், அங்கே ஊர் ஊராகக் கதை கேட்டுத் தொகுத்தவர், பிறகு ஆர்தர் ராக்கம் படங்களோடு ஆங்கிலக் கதைகள் தொகுப்பு ஒன்றைக் கொண்டுவந்தார். அவருடைய கோல்டிலாக்ஸை அம்மா ஏதோ வேலையாக அனுப்பியிருக்கிறாள். வழியில் ஜன்னலில் எட்டிப் பார்க்கிறாள், சாவித் துவாரத்தில் கண் வைக்கிறாள், நன்றாக வளர்க்கப்பட்ட பிள்ளை இல்லை என்று ஒரு குட்டு. கிட்டத்தட்ட எல்லாமே சவுத்தியின் வரிகள். கடைசி வரிக்கு வந்தால், கழுத்து முறிந்ததோ, காட்டில் தொலைந்தாளோ என்ற முதல் இரண்டும் அப்படியே இருக்கின்றன. மூன்றாவதில் கான்ஸ்டபிள் இல்லை; ஊர்சுற்றியதற்கு வீட்டில் அடி வாங்கினாளோ, யாருக்கும் தெரியாது என்று வருகிறது.

தையல் விட்டுப்போன இடம் இதுதான். ஸ்டீல் கெட்டிக்காரர், சின்னப் பெண்ணைச் சிறைக்கு அனுப்ப முடியாது என்று கவனித்து அந்த ஒரு துண்டை மட்டும் மாற்றினார். ஆனால் முன்னால் இருக்கும் கழுத்து முறிவு? கிழவிக்கு வரும்போது அது சவுத்தியின் குரூரமான கிண்டல். அம்மா வேலைக்கு அனுப்பிய சிறுமிக்கு வரும்போது, "யாருக்கும் தெரியாது" என்று விட்டுவிடக்கூடிய விஷயமே இல்லை அது. அந்தக் குழந்தை வீடு போய்ச் சேர்ந்ததா என்று கேட்டுக்கொண்டிருக்கிற குழந்தைக்குத் தெரிந்தாக வேண்டும். கிழவியைப் பற்றி அப்படி யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

இப்போது வருகிற படப்புத்தகங்கள் பலவும் இந்த ஓட்டையை மன்னிப்பால் அடைக்கப் பார்க்கின்றன. கோல்டிலாக்ஸ் திரும்பி வந்து சாரி சொல்கிறாள், நாற்காலியை ஒட்டித் தருகிறாள், குட்டியோடு நட்பாகிறாள். நோக்கம் நல்லதுதான். ஆனால் மூன்று குரலும் படிப்படியாக ஏறி "இதோ படுத்திருக்கிறாள்!" என்று முடிகிற இடத்தில் ஓட வேண்டிய கதை, நின்று பாடம் நடத்த ஆரம்பித்துவிடுகிறது. சத்தம் போட்டுப் படித்துப் பார்த்தால் அந்தப் பக்கத்தில் குரல் தொய்வது உங்களுக்கே தெரியும்.

நரி

ஜோசப் ஜேக்கப்ஸ் 1854-இல் சிட்னியில் பிறந்தவர், லண்டனில் நாட்டார் வழக்காற்றுக் கழகத்தின் இதழை நடத்தியவர், 1892-இல் இந்தியக் கதைகளுக்கும் ஒரு தொகுப்பு போட்டவர். அவருடைய ஆங்கிலக் கதைத் தொகுப்பு 1890-இல் வந்தது. வெறுமனே கண்ணால் மேய்வதற்கில்லை, உரக்கப் படிக்கவே இந்தப் புத்தகம் என்று முன்னுரையிலேயே எழுதிவிட்டார். மூன்று கரடிகளை அதில் சேர்த்தபோது கிழவியை மாற்றவில்லை, சவுத்தியின் கதையையே போட்டார். ஒரு எழுத்தாளர் எழுதியது என்று உறுதியாகத் தெரிந்தும் நாட்டுப்புறக் கதையாகவே ஆகிவிட்ட ஒரே உதாரணம் இது என்று குறிப்பும் எழுதினார்.

நான்கு ஆண்டு கழித்து, இரண்டாம் தொகுப்பில், அதைத் திருத்த வேண்டியதாயிற்று. அவருக்குப் படம் வரைந்த ஜான் பேட்டன் ஒரு பெண்மணியிடமிருந்து ஒரு கதையைக் கொண்டுவந்தார். அந்தப் பெண்மணி நாற்பது ஆண்டுகளுக்கு முன் தன் அம்மாவிடம் கேட்டதாம். அதில் கரடிகள் கோட்டையில் வசிக்கின்றன, உள்ளே புகுவது ஸ்கிரேப்ஃபுட் என்ற நரி. ஜேக்கப்ஸ் இதுதான் கதையின் மூல வடிவம் என்று முடிவு கட்டினார். எனக்கு அவ்வளவு நிச்சயமில்லை. 1894-இலிருந்து நாற்பது ஆண்டு பின்னால் போனால் 1850-ஐ ஒட்டி வருகிறது, சவுத்தியின் புத்தகம் அதற்குள் வெளியாகிப் பல ஆண்டுகள் ஆகிவிட்டது. ஆனாலும் திருட்டுத்தனமாக நுழைந்து எல்லாவற்றையும் முகர்ந்து பார்க்கிற வேலைக்கு நரியைவிடப் பொருத்தமான ஆள் யார் இருக்கிறார்கள்?

இந்தக் கதையின் முடிவைச் சொல்லியே ஆக வேண்டும். பிடிபட்ட நரியை என்ன செய்வது என்று கரடிகள் யோசிக்கின்றன. பெரியது தூக்கில் போடலாம் என்கிறது, நடுவிலானது தண்ணீரில் அமுக்கலாம் என்கிறது, குட்டி ஜன்னல் வழியாக வெளியே எறிவோமே என்கிறது. இரண்டு கரடிகள் காலைப் பிடித்து முன்னும் பின்னும் ஆட்டி வீசுகின்றன. கீழே விழுந்த நரி எலும்பெல்லாம் நொறுங்கிவிட்டது என்று நினைத்துக்கொள்கிறது. எழுந்து ஒரு காலை உதறுகிறது, முறியவில்லை. இன்னொரு கால், அதுவும் முறியவில்லை. அடுத்தது, அதற்கடுத்தது. பிறகு வாலை ஆட்டிப் பார்க்கிறது. எல்லாம் சரியாக இருக்கிறது. எடுத்த ஓட்டத்தில் வீடு போய்ச் சேர்கிறது, கரடிகளின் கோட்டைப் பக்கம் அப்புறம் தலைவைத்தே படுக்கவில்லை. சவுத்தி சொல்லாமல் விட்ட, ஸ்டீல் ஒட்டுப்போட்ட கேள்விக்கு இங்கே ஒவ்வொரு காலாகப் பதில் வருகிறது. தண்டனை உண்டு, அதன் அளவைத் தீர்மானிப்பது குட்டி, யாருக்கும் எலும்பு முறியவில்லை, வீடு சேர்ந்தாயிற்று.

ஜேக்கப்ஸ் இன்னொரு காரியமும் செய்தார், அது இந்தக் கேஸுக்குப் பக்கத்துக் கேஸ். ஜாக்கும் அவரைக்கொடியும் கதையில் ஜாக் அரக்கன் வீட்டில் மூன்று முறை திருடுகிறான். 1807-இல் பெஞ்சமின் டாபர்ட் லண்டனில் வெளியிட்ட புத்தகத்தில் ஒரு தேவதை வழிமறித்து, அந்த அரக்கன்தான் உன் அப்பாவைக் கொன்று சொத்தைப் பறித்தவன் என்று ஜாக்கிடம் சொல்கிறாள். ஆக அது திருட்டு இல்லை, மீட்பு! ஜேக்கப்ஸ் 1860 வாக்கில் ஆஸ்திரேலியாவில் சிறுவனாகக் கேட்ட கதையில் இந்தத் தேவதையே இல்லை. கதை திருட்டை ஊக்குவிக்கக் கூடாதென்று யாரோ சேர்த்தது இது, எனக்கு என் சின்ன நண்பர்கள் மீது அதைவிட நம்பிக்கை உண்டு, அதனால் நீக்கிவிட்டேன் என்று குறிப்பில் எழுதினார். பெரும்பாலான பழைய கதைகளைப் பெரியவர்கள் சேர்த்துச் சேர்த்துச் சரிசெய்யப் பார்க்கிறார்கள். எடுத்துச் சரிசெய்தவர் இவர்.

இதையெல்லாம் பார்த்த பிறகு நான் எதைச் சொல்வேன்? நான்கைந்து வயதுக்கு நரி, தயக்கமே இல்லாமல். கால் உதறும் இடத்தில் குழந்தைகளும் எழுந்து உதறட்டும். எட்டு ஒன்பது வயதுக்குக் கிழவி, கான்ஸ்டபிளோடு சேர்த்து. அவள் ஏன் வீடில்லாமல் திரிந்தாள், பசித்தவளைக் கிண்டல் செய்வது சரியா என்று அந்த வயதுப் பிள்ளைகள் கேட்பார்கள், கேட்கட்டும், அதற்குப் பதில் சொல்லத்தான் நாம் இருக்கிறோம். கோல்டிலாக்ஸ்தான் வேண்டும் என்று அடம்பிடித்தால், பிடிப்பார்கள், படம் அழகாக இருக்கும், அவளையும் சொல்லலாம். ஆனால் கழுத்து முறிவை எடுத்துவிட்டு, ஓடி வீடு போய்ச் சேர்ந்துவிட்டாள் என்று ஒரே வரியில் முடித்துவிடுவது நல்லது. கையில் இருக்கும் புத்தகத்தில் சாரி சொல்லும் பக்கம் இருந்தால் அதைத் தாண்டிப் புத்தகத்தை மூடிவிடலாம். கேட்கிற பிள்ளை எழுத்துக்கூட்டிப் படிக்க ஆரம்பிக்கும் வரைதான் இந்த வித்தை செல்லுபடியாகும்.